தோளுக்குப் பின்னால் பார்க்கிறவள்

என் மேசையின் மேல் ஒரு படச் சீட்டைச் சாய்த்து வைத்திருக்கிறேன். உள்ளங்கையைவிடக் கொஞ்சம் நீளம். ஒரு பக்கம் கறுப்புத் தூண், மறுபக்கம் வெள்ளைத் தூண், நடுவில் கீழே இறங்கும் படிக்கட்டு. அதில் ஒரு பெண் நிற்கிறாள். ஒரு தோளில் முடிச்சுப் போட்ட கிரேக்க அங்கி, கையில் பிளந்த மாதுளம்பழம். உடுப்புத்தான் வெளிநாடு, முகம் அப்படியே எங்கள் ராஜபாளையம். சற்று மேடான நெற்றி, காதோரம் சுருண்ட முடி, எதையோ சொல்ல வந்து அடக்கிக்கொண்ட உதடு. அவள் பார்வை நம் முகத்தில் விழாது. நம் தோளுக்கு மேலாக நழுவிப் பின்னால் போய்விடும். அதனால் எதிரே உட்காருகிறவர்கள் எல்லாரும் ஒரு தடவையாவது திரும்பிப் பார்த்துவிடுகிறார்கள். போன வாரம் சிலிண்டர் கொண்டுவந்தவர் பில்லை நீட்டியபடியே சட்டென்று வாசலைப் பார்த்தார். "யாரோ வந்தாப்புல இருந்துச்சு டீச்சர்" என்றார். யாரும் இல்லை என்றேன். நான் மட்டும் திரும்புவதில்லை. திரும்பாமல் இருக்கப் பழகிக்கொண்டேன்.

எண்பதுகளின் பிற்பகுதியில் நான் ஆங்கில எம்.ஏ. முடித்துவிட்டு ராஜபாளையத்தில் சும்மா இருந்தேன். அப்பா நூற்பாலையில் மேஸ்திரி. அம்மாவுக்கு வீடு விட்டால் கோயில். சர்ச் என்பதை நாங்கள் கோயில் என்றுதான் சொல்வோம். வேலைக்கு மனுப் போட்டுப் போட்டுக் கை ஓய்ந்துபோயிருந்த நேரத்தில் அண்ணாச்சி ஆள் விட்டுக் கூப்பிட்டார். சொந்த அண்ணன் இல்லை. தெருவில் எல்லாருக்கும் அவர் அண்ணாச்சி. காலண்டருக்குச் சாமிப் படம் வரைகிறவர். முருகன், லட்சுமி, ஆட்டுக்குட்டியைத் தோளில் சுமக்கும் இயேசு என்று ஒரு கடவுளையும் ஓரவஞ்சனை பண்ணாமல் எல்லாருக்கும் அதே ரோஸ் கன்னத்தை வைத்துச் சிவகாசி அச்சகங்களுக்கு அனுப்புவார். அவருடைய பட்டறை ஒரு மாடி அறை. தெருவிலிருந்து நேராக ஏறும் குறுகலான படிக்கட்டு அறை வாசலில் வந்து முடியும். அதற்குப் பின்கட்டில் அவரும் மதினியும் குடியிருந்தார்கள். அண்ணாச்சியின் மனைவியை நான் அப்படித்தான் கூப்பிடுவேன்.

அந்தத் தடவை சிவகாசி ஏஜென்ட் கொண்டுவந்தது விநோதமான ஆர்டர். டாரட் சீட்டு. மேல்நாட்டில் சீட்டை விரித்துக் குறி சொல்வார்களாம். "நம்ம கிளி ஜோசியம் மாதிரிதான். கிளிக்குப் பதிலா நாமளே எடுக்கணும், அம்புட்டுதான்" என்று ஏஜென்ட் விளக்கினார். அந்தச் சீட்டுகளில் ஓர் அரசன், ஓர் அரசி, ஒரு சக்கரம், ஒரு நிலா, ஒரு சாவு என்று காலகாலமாகச் சில உருவங்கள் உண்டு. அவற்றைக் கிரேக்கத் தெய்வங்களாக வரைந்து தரவேண்டும் என்பது கம்பெனியின் ஆசை. ஒவ்வொரு படத்துக்கும் கதை என்ன, அந்தச் சீட்டு வந்தால் என்ன அர்த்தம் என்று ஆங்கிலத்தில் டைப் அடித்து அனுப்பியிருந்தார்கள். அதைப் படித்து அண்ணாச்சிக்குத் தமிழில் சொல்வது என் வேலை. அம்மா கேட்டுவிட்டுக் குதித்தாள். "குறி கேக்கது பாவம்னு வேதத்துல போட்டிருக்கு. நீ அதுக்கு அர்த்தம் சொல்லிக் குடுக்கப் போறியாக்கும்?" என்றாள். "நான் குறியா சொல்லப் போறேன்? கதைதானம்மா சொல்லுதேன்" என்று செருப்பை மாட்டிக்கொண்டு கிளம்பிவிட்டேன்.

அண்ணாச்சி கிரேக்கர் யாரையும் கண்டதில்லை. அதைப் பற்றி அவர் கவலைப்படவும் இல்லை. தெருவில் இருந்த முகங்களை எடுத்துக்கொண்டார். சக்கரம் என்ற சீட்டுக்கு மூன்று சகோதரிகள் வேண்டும். ஒருத்தி மனிதரின் ஆயுளை நூலாக நூற்பாள், ஒருத்தி அளப்பாள், ஒருத்தி வெட்டுவாள். நான் சொல்லி முடிக்கவில்லை, அண்ணாச்சி மில்லில் இருந்து இரண்டு பேரையும் பேண்டேஜ் துணி நெய்யும் யூனிட்டில் இருந்து கத்தரி பிடிக்கும் அக்காவையும் வரச் சொல்லிவிட்டார். "இழுக்கது, அளக்கது, வெட்டுறது. இதத்தான நாங்க தெனம் செய்யோம்? இதுல சாமி எங்கன இருக்கு?" என்று அந்த அக்கா சிரித்தாள். தூது போகும் ஹெர்மிஸ் என்ற தேவனுக்குத் தந்திக்காரரின் முகமும் செருப்பில் சிறகும் கிடைத்தன. நிலாச் சீட்டில் ஹெக்கடி என்ற இருட்டுத் தேவதையோடு பாதாள வாசலைக் காக்கும் மூன்று தலை நாய் நிற்கவேண்டும். கீழ் வீட்டுக்காரர் தெலுங்கு பேசுகிறவர், ராஜபாளையம் நாய் ஒன்று வைத்திருந்தார். தும்பைப்பூ மாதிரி வெள்ளை, ரோஸ் மூக்கு, எதையும் அலட்சியமாகப் பார்க்கும் கண். அண்ணாச்சி அதற்கு இன்னும் இரண்டு தலை வைத்தார். அச்சு அசலாக இருந்தது. சாவுக்கு உரிய பாதாள ராஜன் ஹேடிஸுக்கு மட்டும் ஒருத்தரும் முகம் தர மாட்டேன் என்றுவிட்டார்கள். அவருக்கு முகத்தை மறைக்கும் இரும்புத் தொப்பி உண்டு என்று தாளில் இருந்தது, தப்பித்தோம்.

கண்களை அண்ணாச்சி கடைசியில்தான் வைப்பார். சாமிப் படம் வரைந்து வந்த பழக்கம். எல்லாம் முடிந்து காய்ந்த பிறகு ஒரு நாள் தலைக்குக் குளித்து, படத்துக்கு எதிரே சிறு கண்ணாடி ஒன்றைத் தொங்கவிட்டுக் கருவிழியைத் தொடுவார். படம் முதலில் தன் முகத்தைத்தான் பார்க்க வேண்டும். "மொதப் பார்வை உக்கிரமா இருக்கும் தாயி. ஆள் மேல விழக் கூடாது" என்பார். அதுவரைக்கும் பஞ்சுத் தூசி ஒட்டாமல் இருக்க, யூனிட்டில் கழித்துப் போட்ட, காயத்துக்குக் கட்டும் காஸ் துணியால் ஒவ்வொரு படத்தையும் மூடி வைப்பார். மத்தியானம் நான் மட்டும் அறையில் இருக்கும்போது, காற்றில் அந்த வெள்ளைத் துணிகள் உப்பி உப்பி அமுங்கும். அடியில் கண் இல்லாத தெய்வங்கள் மூச்சு விடுவது போலவே இருக்கும். படித்தவள் என்ற பெருமையெல்லாம் அந்த நேரத்தில் எங்கே போகுமோ தெரியாது; எழுந்து வாசலுக்கு வந்துவிடுவேன்.

பெர்செபனியின் கதையைச் சொன்ன நாள் நன்றாக நினைவிருக்கிறது. பூப்பறித்துக்கொண்டிருந்த பெண்ணைப் பூமி பிளந்து பாதாள ராஜன் கொண்டுபோகிறான். அவளுடைய தாய் டெமீட்டர், விளைச்சலுக்குத் தெய்வம். மகளைத் தேடி அலைகிறாள். பயிர் பச்சை முளைக்காமல் உலகமே பட்டினி கிடக்கிறது. கடைசியில் மகளை அனுப்பச் சம்மதிக்கிறார்கள். ஆனால் அவள் அங்கே மாதுளை முத்துகளைத் தின்றுவிட்டாள். அந்த உலகத்துச் சாப்பாட்டைத் தின்றவர் அந்த உலகத்துக்குக் கடமைப்பட்டவர். அதனால் ஆண்டில் பாதி அங்கே, பாதி தாயிடம். டாரட்டில் தாய்தான் பேரரசி. அந்தச் சீட்டு வந்தால் விளைச்சல், பிள்ளைப்பேறு, நிறைவு. மகள் பெண் பூசாரி என்ற சீட்டு. இரண்டு தூணுக்கு நடுவில், இரண்டு உலகத்துக்கும் வாசலில் நிற்கிறவள். அவள் வந்தால் தெரிந்ததைச் சொல்லாமல் உள்ளே வைத்திருத்தல் என்று அர்த்தம். "சாமியாடின்னு சொல்லு" என்றார் அண்ணாச்சி. நான் சிரித்தேன். பின்கட்டு வாசலில் மதினி கரண்டியோடு நின்றுகொண்டிருந்ததை அப்போதுதான் பார்த்தேன்.

"ஏட்டி, அந்த எடத்தை இன்னொருக்க சொல்லு" என்றார்.

"எந்த எடம் மதினி?"

"அவ திரும்பி வாரது."

அவர்களுக்கு ஒரே பெண். பள்ளிக்கூடத்தில் படித்துக்கொண்டிருந்தவள், சில வருடங்களுக்கு முன்பு காய்ச்சலில் போய்விட்டாள். மத்தியானம் ஆலைச் சங்கு ஊதுகிற நேரத்துக்குச் சாப்பிட ஓடி வருவாள், அந்தப் படிக்கட்டு முழுக்க அவள் சத்தமாகத்தான் இருக்கும் என்று தெருவில் சொல்வார்கள். வீட்டில் அவள் படம் ஒன்றுகூட மாட்டியிருக்கவில்லை. நான் கதையை மறுபடியும் சொன்னேன். மதினி கேட்டு முடித்து, அண்ணாச்சியைப் பார்த்து, "இதுக்கு நம்ம பிள்ளை முகத்தைப் போடுங்க" என்றார். அண்ணாச்சி மறுநாளே போட ஆரம்பித்துவிட்டார். செத்துப்போன வயதில் இல்லை. உயிரோடு இருந்தால் அந்த வருடம் எப்படி இருப்பாளோ, அப்படி. தாடை கொஞ்சம் நீண்டு, கழுத்து திரண்டு, அவள் அந்த அறையிலேயே வளர்ந்து நின்றாள். கண் இருந்த இடம் மட்டும் வெறுமையாக இருந்தது.

மதினி அதன் பிறகு ஒரு காரியம் செய்தார். சங்கு ஊதும் நேரத்துக்கு ஒரு தட்டில் சோறும் குழம்பும், ஓரத்தில் கொஞ்சம் மாதுளை முத்தும் வைத்துப் படிக்கட்டின் மேல் படியில் கொண்டு வைத்தார். இறந்தவர்களுக்குப் படையல் வைப்பது எல்லா வீட்டிலும் உள்ளதுதான், ஆனால் அது வருடத்துக்கு ஒரு நாள். இது தினமும். என்ன மதினி இது என்று கேட்டேன். "அங்கத்திச் சோத்தைத் தின்னா அங்க இருக்கணும்னா, நம்ம சோத்தைத் தின்னா இங்க வரணும்லா? நீதான சொன்ன?" என்றார். நான் சொன்னது வேறு, அவர் பிடித்துக்கொண்டது வேறு. ஆனால் எந்த இடத்தில் தப்பு என்று என்னால் காட்ட முடியவில்லை. கிரேக்கர்களாலும் காட்டியிருக்க முடியாது.

தட்டு வைப்பதோடு போயிருந்தால் பரவாயில்லை. பிள்ளை சாப்பிடாமல் பெற்றவள் எப்படிச் சாப்பிடுவாள் என்று மதினி தன் தட்டையும் ஒதுக்கிவிட்டார். காலையில் ஒரு காப்பி, எப்போதாவது இரண்டு வாய் கஞ்சி, அவ்வளவுதான். கன்னம் ஒட்டி, கையில் வளையல் முழங்கை வரை ஏறி இறங்கியது. அண்ணாச்சி கெஞ்சினார், ஏசினார், அழுதார். "ஒண்ணைக் குடுத்துட்டேன். இவளையும் குடுத்துருவேன் போலருக்கு தாயி" என்று என்னிடம் சொன்னார். அந்தத் தட்டில் ஒரு காக்கை வாய் வைத்து நான் பார்த்ததில்லை. எறும்பு மொய்க்கவில்லை. கீழ் வீட்டு வெள்ளை நாய் சோற்று வாசனைக்கு வரும், படியடியில் நின்றுவிடும். மேலே ஏறாது. குரைக்காது. நடுப்படி ஒன்றைப் பார்த்துக்கொண்டு காதை விறைத்து நிற்கும். "ரா ரா" என்று அதன் எஜமானர் கூப்பிட்டுக் கூப்பிட்டு அலுத்துப்போய்க் கழுத்தைப் பிடித்து இழுத்துப் போவார். எனக்கு அந்தப் படியில் ஏறி இறங்கவே பயமாகிவிட்டது. சுவரோரமாக ஒட்டிக்கொண்டு ஏறுவேன், யாருக்கோ வழி விடுகிற மாதிரி.

அந்தச் சமயத்தில்தான் காதலர் சீட்டு வந்தது. அதற்கு ஆர்ஃபியஸ் கதை. செத்த மனைவியைப் பாடியே மீட்டுக்கொண்டு பாதாளத்திலிருந்து மேலே வருகிறான். வெளியே வரும்வரை திரும்பிப் பார்க்கக் கூடாது என்பது நிபந்தனை. கடைசிப் படியில் திரும்பிவிடுகிறான். அவள் போய்விடுகிறாள். நான் சொல்லிக்கொண்டே போனேன். அண்ணாச்சி தூரிகையைத் தண்ணீரில் போட்டுவிட்டு எழுந்து போய்ப் பின்கட்டுக் கதவை ஒருக்களித்தார். மதினி காதில் விழக்கூடாதாம்.

"அங்க திரும்பிப் பாத்தா போயிரும். நம்ம ஊர்ல திரும்பிப் பாத்தா கூட வந்துரும்லா தாயி?" என்றார். "பிள்ளையைப் பொதைச்சுட்டு வரும்போது திரும்பாம நடக்கச் சொன்னாவ. எம்புட்டுத் தூரம் நடந்தேன்! தெரு மொனையில வச்சுத் திரும்பிட்டேன். ஒரு தடவைதான். அன்னையிலேர்ந்து நம்ம படியிலயே நிக்கா, அவ ஏறவும் இல்ல, எறங்கவும் இல்ல."

நான் வேதம் படிக்கிற வீட்டுப் பெண். அப்படியெல்லாம் இல்லை அண்ணாச்சி என்று சொல்ல வாயெடுத்தேன். படி வாசல் வழியே கீழே நாய் நிற்பது தெரிந்தது. சொல்லவில்லை.

மற்ற படங்களுக்கெல்லாம் கண் வைத்தாகிவிட்டது. அவள் ஒருத்திதான் பாக்கி. அண்ணாச்சி இன்றைக்கு நாளைக்கு என்று தள்ளினார். ஏஜென்ட் வந்து கத்திவிட்டுப் போனார். ஒரு நாள் உச்சிப்பொழுதில் அண்ணாச்சி ஈரத் தலையோடு வந்து உட்கார்ந்து கண்ணாடியைத் தொங்கவிட்டார். மதினி பின்கட்டிலிருந்து வந்தார். சேலை உடம்பில் நிற்கவில்லை, அவ்வளவு மெலிவு. கண்ணாடியைக் கழற்றி ஜன்னலில் வைத்துவிட்டு, அது தொங்கிய இடத்தில், படி வாசலுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு தான் நின்றார்.

"ஏய், வெலகு."

"வெலக மாட்டேன். பெத்தவ நான். அவ முழிச்சா என்னையத்தான் பாக்கணும்."

"பாத்தா உன்னை உயிரோட விட மாட்டா, தெரியுமா?"

"விட வேண்டாம்" என்றார் மதினி.

அண்ணாச்சி என்னைப் பார்த்தார். நான் பயத்தில் படி வாசலில் மதினிக்குப் பின்னால், நிலையைப் பிடித்துக்கொண்டு நின்றிருந்தேன். மதினியைப் பிடித்து இழுத்திருக்கலாம், அந்த முகத்தைப் பார்த்தால் யாருக்கும் கை வராது. அண்ணாச்சி காஸ் துணியை விலக்கினார். தூரிகையின் நுனியை உதட்டில் வைத்துக் கூராக்கினார். வலது கண்ணைத் தொட்டார், இடது கண்ணைத் தொட்டார். ஆலைச் சங்கு ஊதியது. அந்த நேரம் பார்த்து, ஒருநாளும் மேலே வராத வெள்ளை நாய் என் காலை உரசிக்கொண்டு வாசலில் வந்து நின்றது. அது படத்தைப் பார்க்கவில்லை. திரும்பி, தான் ஏறி வந்த காலிப் படிகளைப் பார்த்து வாலை ஆட்டியது. தெரிந்தவர்களுக்கு ஆட்டுவது போல ஆட்டியது.

மதினி அழுவார், விழுந்துவிடுவார் என்று எதிர்பார்த்தேன். ஒன்றும் நடக்கவில்லை. படத்தைக் கொஞ்ச நேரம் பார்த்தார். "சரி" என்றார். என்னைத் தாண்டிப் போய் மேல் படியில் இருந்த தட்டை எடுத்துவந்து, அங்கேயே தரையில் உட்கார்ந்து அந்த ஆறிப்போன சோற்றைப் பிசைந்து தின்ன ஆரம்பித்தார். ஒரு பருக்கை விடவில்லை. மாதுளை முத்தையும் தின்றார். அண்ணாச்சி தூரிகையைக் கையில் வைத்துக்கொண்டே சிறுபிள்ளை மாதிரி தேம்பித் தேம்பி அழுதார். அதற்குப் பிறகு படியில் தட்டு வைப்பது நின்றுவிட்டது. மதினி தேறிவிட்டார். சீட்டுகள் அச்சாகிக் கப்பலேறின. எங்கோ யாரோ எங்கள் தெருவின் முகங்களை விரித்து வைத்து நல்லது கெட்டது பார்த்துக்கொண்டிருப்பார்கள்.

தொண்ணூறுகளின் தொடக்கத்தில் எனக்கு ஸ்ரீவில்லிபுத்தூரில் ஒரு பள்ளிக்கூடத்தில் வேலை கிடைத்தது. அண்ணாச்சி எப்போதாவது மதினிக்குப் பால்கோவா வாங்க வருவார். வந்தால் பள்ளிக்கூடம் விடும்வரை காத்திருந்து என்னைப் பார்த்துவிட்டுத்தான் போவார். ஒருமுறை பஸ் ஸ்டாண்டு டீக்கடையில் வைத்துச் சொன்னார். "அன்னைக்கு ரெண்டு கருவிழியையும் ஒரு மயிரிழை தள்ளி வச்சிட்டேன் தாயி. அவ பார்வை உன் மதினி மேல விழல. விழுந்திருந்தா இவளையும் கூட்டிட்டுப் போயிருப்பா. இவ என்னமோ தன்னைத்தான் பாத்தான்னு நெனச்சுத் திங்க ஆரம்பிச்சுட்டா. சொல்லிராத. தெரிஞ்சா மறுபடியும் தட்டைத் தள்ளிருவா." சத்தியம் செய்து கொடுத்தேன். கொஞ்ச வருடங்களில் நெஞ்சுவலி வந்து அண்ணாச்சி போய்ச் சேர்ந்தார். நான் சொல்லவில்லை.

அவர் போன பின்பும் மதினி அந்த மாடி வீட்டை விட்டு வர மறுத்துத் தனியாக இருந்தார். கடைசியில் வீட்டுக்காரர்கள் இடித்துக் கட்டப் போகிறோம் என்றுவிட்டார்கள். மதுரையிலிருக்கும் தம்பி வீட்டுக்குப் போகிறேன், ஒரு எட்டு வந்துட்டுப் போ என்று சொல்லி அனுப்பினார். பகல் பஸ்ஸில் போனேன். மூட்டை கட்டிய சாமான்களுக்கு நடுவில் உட்கார்ந்திருந்தார். படி வாசல் கதவு விரியத் திறந்து கிடந்தது. இந்தச் சீட்டைக் கையில் வைத்திருந்தார். ஏஜென்ட் அந்தக் காலத்தில் கொடுத்தது.

"அவிய, உங்க அண்ணாச்சி, என்னை ஏமாத்திட்டோம்னு நெனச்சுக்கிட்டே போயிட்டாவ" என்று சிரித்தார்.

"தெரியுமா மதினி?"

"எதுத்தாப்புல நின்னவ நான்லா? பாத்தாளா பாக்கலையான்னு பெத்தவளுக்குத் தெரியாதா? என்னையத் தாண்டிப் படியைப் பாத்தா."

"பொறவு ஏன் அன்னைக்குச் சாப்பிட்டிய?"

"வார வழி அவளுக்குத் தெரிஞ்சிருக்குன்னு தெரிஞ்சுபோச்சு. எப்ப வருவாளோ. வாரப்ப கதவைத் தொறக்க வீட்டுல ஆள் வேணும்லா? நானும் போயிட்டா யாரு தொறக்க?"

இத்தனை வருடமும் அந்த அம்மாள் சாப்பிட்டது, உயிரோடு இருந்தது எல்லாம் அதற்காகத்தான். அண்ணாச்சி ஒரு ரகசியம் வைத்திருந்தார், நான் ஒன்று வைத்திருந்தேன். இரண்டையும் தெரிந்துகொண்டு மதினி ஒரு வார்த்தை பேசாமல் எங்கள் இரண்டு பேருக்கும் காப்பி போட்டுக் கொடுத்துக்கொண்டிருந்திருக்கிறார். எனக்கு அழுகை வந்துவிட்டது. அவர் சீட்டை என் கையில் வைத்து விரல்களை மடக்கினார்.

"படியை இடிச்சிருவாவ. தம்பி வீட்டுல இதெல்லாம் ஆகாது. நீ வச்சுக்கோ."

"நானா? எனக்கு என்ன மதினி உரிமை இருக்கு?"

"ஏட்டி, அன்னைக்கு எனக்குப் பின்னால படி வாசல்ல நின்னது யாரு? முழிச்சதும் அவ மொத மொத பாத்தது உன்னையத்தான்."

ஸ்ரீவில்லிபுத்தூருக்குத் திரும்பி வரும் பஸ்ஸில் அந்தச் சீட்டைக் கைப்பைக்குள் வைத்திருந்தேன். மதினி மதுரையில் இரண்டொரு வருடத்தில் காலமானார் என்று கேள்விப்பட்டேன். பாயில் படுத்துக்கொண்டு வாசலையே பார்த்திருந்தாராம். மாடி வீடு இருந்த இடத்தில் இப்போது ஒரு செல்போன் கடை இருக்கிறது. கண்ணாடிக் கதவு, ஏ.சி., படி கிடையாது.

என் வீடும் மாடிதான். படி என் நாற்காலிக்குப் பின்னால் வந்து முடிகிறது. நான் ஞாயிற்றுக்கிழமை தவறாமல் கோயிலுக்குப் போகிறவள். இதைப் பற்றிப் பாஸ்டரிடம் ஒருநாளும் பேசியதில்லை. மத்தியானச் சாப்பாட்டுக்கு உட்காரும்போது சீட்டு எதிரே நிற்கும், அவள் கண் என் தோளைத் தாண்டிப் போகும், கழுத்து தானாகத் திரும்பப் பார்க்கும். எங்கள் ஊர் வழக்கப்படி திரும்பிப் பார்த்தால் கூட வந்துவிடும். அதற்குப் பயந்த காலம் ஒன்று இருந்தது. இப்போது எனக்குப் பயம் அந்தக் கிரேக்கக் கதையின் மேல்தான். அது நிஜமாக இருந்து, நான் திரும்பினால், இவ்வளவு தூரம் ஏறி வந்தவள் போய்விடுவாளே. அதனால் தட்டிலிருந்து தலையை எடுக்காமலேயே சொல்கிறேன்: "கதவு தொறந்துதான் இருக்கு, வா."